'இட் ஆல்வேஸ் ரெயின்ஸ் ஆன் சண்டே' (1947): அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

லண்டன் ஈலிங் ஸ்டூடியோவின் கறுப்பு வெள்ளைக் குற்றப்படம் இது. இயக்கியவர் ராபர்ட் ஹேமர். தலைப்பைத் தமிழில் சொன்னால் 'ஞாயிறு வந்தால் மழைதான்' என்று வரும். முதலில் வரும் கேள்விகளைப் படம் பார்க்காதவர்களும் படிக்கலாம். முடிவைத் தொடும் கேள்விகள் கடைசியில் இருக்கின்றன, அங்கே எச்சரிக்கையும் உண்டு.

கதையை நாலு வரியில் சொல்ல முடியுமா?

கிழக்கு லண்டனில் பெத்னல் கிரீன். அங்கே கரோனெட் குரோவ் என்ற கற்பனைத் தெருவில் சாண்டிகேட் குடும்பம். ரோஸ், ஜார்ஜுக்கு இளையதாரம். ஜார்ஜின் மூத்த தாரத்துப் பெண்கள் வை, டோரிஸ் இருவரும் வேலைக்குப் போகும் வயதினர். ரோஸுக்கும் ஜார்ஜுக்கும் பிறந்தவன் சிறுவன் ஆல்ஃபி. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, டார்ட்மூர் சிறையிலிருந்து டாமி ஸ்வான் தப்பிவிட்டான் என்று செய்தி வருகிறது. அவன் ரோஸின் பழைய காதலன். கொஞ்ச நேரத்தில் அவள் வீட்டுக் கொல்லையிலேயே வந்து ஒளிந்திருக்கிறான். விடியலிலிருந்து ராத்திரி வரை அந்த ஒரு நாள்தான் படம். போலீஸ் தாள் ஒன்றில் 23 மார்ச் 1947 என்று தேதியும் போட்டிருக்கிறது.

யார் யார் நடித்திருக்கிறார்கள்?

ரோஸாக கூகி விதர்ஸ், டாமியாக ஜான் மெக்காலம், ஜார்ஜாக எட்வர்ட் சாப்மன். வை: சூசன் ஷா. டோரிஸ்: பாட்ரீஷியா பிளங்கெட். துப்பறியும் சார்ஜென்ட் ஃபாதர்கில்: ஜாக் வார்னர். ஒளிப்பதிவு டக்ளஸ் ஸ்லோகோம், இசை ழார்ழ் ஓரிக், தயாரிப்பு மைக்கேல் பால்கன். ஆர்தர் லா பெர்ன் 1945-இல் எழுதிய நாவலுக்கு ஆங்கஸ் மெக்ஃபெயில், ஹென்றி கார்னீலியஸ், ஹேமர் மூவரும் திரைக்கதை எழுதினார்கள். லா பெர்னின் இன்னொரு நாவலைத்தான் கால் நூற்றாண்டு கழித்து ஹிட்ச்காக் 'ஃபிரென்ஸி'யாக எடுத்தார்.

ஆரம்பத்தில் ஒன்றும் புரியவில்லை. ஆட்கள் வந்துகொண்டே இருக்கிறார்களே?

பலர் படத்தை நிறுத்திவிடும் இடம் இதுதான். கதை ஒரே சரடாக ஓடாமல் தெருவோடு கிளைபிரிந்து ஓடுகிறது. இப்படிப் பிரித்து வைத்துக்கொண்டால் தலை சுற்றாது.

சாண்டிகேட் வீடு ஒன்று. ஹயம்ஸ் என்ற யூதக் குடும்பம் இன்னொன்று. தகப்பன் சாலி. பிள்ளைகளில் லூ, கேளிக்கைக்கூடம் நடத்திக் குறுக்கு வழியில் காசு பார்ப்பவன். மோரி, இசைத்தட்டுக் கடையும் வாத்தியக் குழுவும் வைத்திருப்பவன், கல்யாணமானவன். தங்கை பெஸ்ஸி, பேட்டைப் பிள்ளைகளுக்கான மன்றத்துக்காக உழைப்பவள். இரண்டு வீட்டையும் முடிச்சுப் போடுவது பெண்கள்: வை மோரியோடு சுற்றுகிறாள், டோரிஸுக்கு லூ வேலை தருகிறேன் என்கிறான். இது டோரிஸின் காதலன் டெட்டுக்குப் பிடிக்கவில்லை.

மூன்றாவது கூட்டம் வைட்டி, ஃப்ரெடி, டைசி என்ற சில்லறைத் திருடர்கள். இவர்கள் கையில் சக்கரக் காலணிச் சரக்கு ஒன்று சிக்கியிருக்கிறது, வாங்க ஆளில்லை. நாலாவது, இவர்கள் எல்லோரையும் முகம் பார்த்தே அறிந்த ஃபாதர்கில். யார் எந்த வீடு என்று மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள். பெயர்கள் தானாக ஒட்டிக்கொள்ளும்.

எந்தப் பிரதியைப் பார்ப்பது?

2012-இல் படத்தைச் சீரமைத்து பிரிட்டனில் மறுபடி திரையரங்குகளுக்கு அனுப்பினார்கள். அந்தச் சீரமைப்பிலிருந்து வந்த குறுவட்டோ இணையப் பிரதியோ கிடைத்தால் வேறு எதையும் தேட வேண்டாம்.

கையில் இருப்பது எது என்று தெரியாவிட்டால் முதலில் நேரத்தைப் பாருங்கள். முழுப் படம் 92 நிமிடம். 88 நிமிடம் சொச்சம் காட்டினால் வெட்டிவிட்டார்கள் என்று பதற வேண்டாம். ஐரோப்பியத் தொலைக்காட்சி முறைக்காக விநாடிக்கு 24 சட்டகத்தை 25 ஆக ஓட்டினால், 92-ஐ 24-ஆல் பெருக்கி 25-ஆல் வகுத்த கணக்கில் 88.3 நிமிடம்தான் வரும். காட்சி எதுவும் போயிருக்காது. குரலும் இசையும் மட்டும் நான்கு சதவீதம் மேலே ஏறி ஒலிக்கும். ஆல்ஃபியின் மவுத்தார்கன் வரும்போது காது நுட்பமானவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள். 88-க்கும் கீழே வெகுவாகக் குறைந்தால்தான் வெட்டுப் பிரதி என்று சந்தேகப்பட வேண்டும்.

டிவியில் படம் இழுத்துப் பிடித்தது போலவும் இருட்டாகவும் தெரிகிறது. என்ன செய்வது?

இரண்டும் வேறு வேறு கோளாறு.

படத்தின் அகல உயர விகிதம் 1.37:1. இன்றைய டிவி 16:9, அதாவது 1.78:1. சரியாக ஓடினால் திரை அகலத்தில் 77 சதவீதம்தான் படம், இரண்டு ஓரத்திலும் கறுப்புப் பட்டை நிற்கும். அந்தப் பட்டையைப் பொறுக்காமல் 'முழுத்திரை' அமுக்கினால் ஆட்கள் குண்டாவார்கள். 'ஜூம்' அமுக்கினால் மேலும் கீழுமாக ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு படம் காணாமல் போகும். இந்தப் படத்தில் அது பெரிய நஷ்டம். சமையலறைக் காட்சிகளில் முன்னால் ஒருவர், நடுவில் ஒருவர், பின்னால் கதவருகே ஒருவர் என்று அடுக்கி நிறுத்தியிருப்பார்கள். கூரை தலைக்கு மேல் உட்கார்ந்திருக்கும். அந்த நெரிசல்தான் காட்சியின் பொருள். டிவியில் 'மூல விகிதம்' அல்லது '4:3' வைத்துக்கொள்ளுங்கள்.

இருட்டுக்கு மருந்து, வெளிச்சத்தைக் கூட்டுவது அன்று. கூட்டினால் கறுப்பு சாம்பலாகி, கடைசி ராத்திரிக் காட்சிகள் வெளுத்துப்போகும். அறை விளக்கை அணையுங்கள், டிவியை சினிமா முறையில் வையுங்கள், அசைவை வழவழப்பாக்கும் வசதியை நிறுத்துங்கள். அது ஓடினால் 1947 படம் நெடுந்தொடர் போலத் தெரியும். படத்தின் புள்ளிகளைத் துடைக்கும் வசதியும் ஓடினால் மழைத்தாரையையும் அழுக்கென்று நினைத்து மங்கவைக்கும்.

ஆங்கிலம் நன்றாகத் தெரிந்தும் வசனம் பிடிபடவில்லை.

உங்கள் ஆங்கிலத்தில் குறை இல்லை. கிழக்கு லண்டன் காக்னி பேச்சு இது, சொல் முதலில் வரும் ஹகரத்தை விழுங்கிவிடுவார்கள். ஹயம்ஸ் வீட்டுப் பேச்சில் இத்திஷ் என்ற யூதர் மொழியின் வாடை அடிக்கும். ஆங்கிலத் துணைத்தலைப்போடு பாருங்கள்.

காசுப் பேச்சுக்கு ஒரு சின்ன வாய்ப்பாடு: 12 பென்ஸ் ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்டு. ஷில்லிங்குக்குப் பேச்சு வழக்கில் 'பாப்', பவுண்டுக்கு 'குவிட்', ஆறு பென்ஸுக்கு 'டானர்'. 12 தம்பிடி ஓர் அணா என்று கணக்குப் போட்ட நம் தாத்தா பாட்டிகளுக்கு இது சிரமமாகவே இருந்திருக்காது. பிரிட்டன் இந்தக் கணக்கை விட்டது 1971-இல்தான்.

'ஸ்பிவ்' என்ற சொல்லையும் அறிந்திருப்பது நல்லது. போர்க்காலத்திலும் அதற்குப் பிறகும் ரேஷன் பொருளைக் கள்ளச்சந்தையில் விற்றுப் பளபளவென்று உடுத்தித் திரிந்தவர்களைக் குறிக்கும். திருடன் என்று சொல்ல முடியாது, யோக்கியன் என்றும் சொல்ல முடியாது. லூ ஹயம்ஸ் அந்த ரகம்.

டாமி ஒளிந்திருக்கும் அந்தத் தகரக் கொட்டகை என்ன?

ஆண்டர்சன் பதுங்குகுழி. குண்டுவீச்சுக்குத் தப்ப, 1939 பிப்ரவரியிலிருந்து வீடு வீடாகக் கொடுத்தது. ஆண்டு வருமானம் 250 பவுண்டுக்குக் கீழே என்றால் இலவசம், மேலே என்றால் 7 பவுண்டு. வளைத்த நெளிதகடுகளை உச்சியில் போல்ட்டால் முடுக்கி, இரு முனையிலும் தட்டைத் தகடு வைத்து மூடுவார்கள். ஆறரை அடி நீளம், நாலரை அடி அகலம், ஆறடி உயரம். அதில் நாலடி பூமிக்குள் இறங்கும், மேலே 15 அங்குலத்துக்கு மண் போட வேண்டும். ஆறு பேர் அடங்க வேண்டும் என்பது கணக்கு. ஆறு பேர் உட்கார்ந்தால் முழங்கால் முட்டும். பெரிய குறை, தண்ணீர். குழி தோண்டிப் பதித்ததால் மழைக்காலத்தில் அடியில் ஊறி நிற்கும். டாமி அதற்குள் நடுங்குவதற்கு அதுவே போதும்.

போர் முடிந்ததும் பல வீடுகளில் இது தட்டுமுட்டுச் சாமான் போடும் இடமாகிவிட்டது. படத்தின் முடிச்சே அங்கேதான் விழுகிறது. உடைந்த சன்னலை அடைக்க இருட்டடிப்புக் காலத்துப் பழைய கறுப்புத் துணியை எடுக்கப் போகிறாள் ரோஸ். துணியைத் தேடிய இடத்தில் ஆள் இருக்கிறான்.

பெயருக்குச் சொந்தக்காரர் சர் ஜான் ஆண்டர்சன். 1930-களில் வங்காள கவர்னராக இருந்தவர் இவரேதான்.

போர்தான் 1945-இல் முடிந்துவிட்டதே, எல்லோரும் ஏன் இவ்வளவு எரிச்சலாக இருக்கிறார்கள்?

ஜெயித்தவர்கள் வீட்டிலும் சோறு அளந்துதான் இருந்தது. போரின்போதுகூட ரேஷனுக்கு வராத ரொட்டி, 1946 ஜூலையில் ரேஷனுக்கு வந்து 1948 ஜூலை வரை நீடித்தது. துணி 1949 வரை, தேயிலை 1952 வரை, இறைச்சி 1954 வரை. போர்க்காலப் பட்டியலில் கம்பளிக் கவுன் ஒன்றுக்கு 11 கூப்பன், பருத்திக் கவுனுக்கு 7. வை ராத்திரி கூத்தடித்துவிட்டு வந்து, போட்ட நல்ல கவுனோடேயே படுத்துத் தூங்கியிருப்பது ரோஸுக்கு ஏன் கொதிக்கிறது என்று அப்போது புரியும். ஒழுக்கத்தின் மேல் கோபம் பாதி, துணியின் மேல் மீதி.

1947 குளிர்காலமோ பிரிட்டனை உறைய வைத்துவிட்டுப் போன ஒன்று. நிலக்கரித் தட்டுப்பாடு, மின்வெட்டு, மார்ச்சில் பனி உருகி வெள்ளம். படத்தின் மழை அந்த ஆண்டின் நினைவோடு பார்த்தவர்கள் மேல் பெய்த மழை.

ஏன் ஞாயிற்றுக்கிழமை? வேறு நாளில் இந்தக் கதை நடக்காதா?

நடக்காது. வார நாளில் ஜார்ஜும் பெண்களும் வேலைக்குப் போய்விடுவார்கள், வீடு காலி. டாமி எட்டு மணி நேரம் தூங்கி எழுந்து போகலாம். ஞாயிறன்றுதான் ஐந்து பேரும் வீட்டுக்குள்ளேயே சுற்றுவார்கள். காலையில் படுக்கையில் தேநீர், அடுப்பில் இறைச்சி, மதியம் பப், பிறகு எல்லோருமாகச் சாப்பாடு, சமையலறையில் தகரத் தொட்டி வைத்து வெந்நீர்க் குளியல். ஒவ்வொன்றுக்கும் ஒருவர் எழுந்து நடமாடுவார். ஒவ்வொரு நடையும் பூட்டிய படுக்கையறைக் கதவைத் தாண்டுமா என்று நமக்குப் பதறும். கொல்லையிலிருந்து ரோஸ் வீட்டுக்குள் கொண்டுவந்த டாமி அங்கேதான் தூங்குகிறான். கீழே ரோஸ் உருளைக்கிழங்கைப் பார்க்க வேண்டும், மகளை அதட்ட வேண்டும், முகத்தில் எதுவும் தெரியக் கூடாது. துப்பாக்கியை வைத்து உண்டாக்கும் பதற்றத்தை ஹேமர் வீட்டு வேலையை வைத்து உண்டாக்குகிறார். இந்தப் படத்தை எழுபது ஆண்டு தாண்டியும் பார்க்கவைப்பது அதுதான்.

சட்டமும் கைகொடுக்கிறது. 1921 மதுச் சட்டப்படி ஞாயிறன்று பப் திறக்க மொத்தம் ஐந்து மணி நேரம்தான் அனுமதி: மதியம் இரண்டு, சாயங்காலம் மூன்று. ஆகவே ஜார்ஜ் போனால் எப்போது திரும்புவான் என்பது கடிகாரம் பார்த்துச் சொல்லக்கூடியது. ரோஸ் அந்தக் கணக்கை வைத்தே திட்டம் போடுகிறாள்.

ஞாயிறன்று கடை மூடும் ஊரில் சந்தை மட்டும் எப்படிக் களைகட்டுகிறது?

பெட்டிகோட் லேன் சந்தை ஞாயிறுச் சந்தைதான். பேட்டையில் யூத வியாபாரிகள் அதிகம், சனிக்கிழமை அவர்களுக்கு ஓய்வு நாள். சனி மூடுகிறவர்கள் ஞாயிறு திறக்க 1936 சட்டம் இடம் கொடுத்தது. படத்தில் வரும் சந்தைக் கூட்டத்தை அதே இடத்தின் தெருவில் எடுத்தார்கள்.

மற்ற இடங்கள்?

கரோனெட் குரோவாக வருவது பெத்னல் கிரீன் அன்று. வடக்கு லண்டன் சாக் ஃபார்மில் உள்ள ஹார்ட்லண்ட் சாலை. தெருக்கோடியில் தேவாலயம் தெரியும், அடையாளம் கண்டுகொள்ளலாம். வீட்டின் உள்புறம் ஈலிங்கில் போட்ட செட். ரயில் நிலையக் கிடங்குக் காட்சி, கிழக்கு லண்டன் ஸ்ட்ராட்ஃபர்டை அடுத்த டெம்பிள் மில்ஸ் சரக்கு யார்டு.

மழையை எப்படி இவ்வளவு தெளிவாகப் படம்பிடித்தார்கள்?

முன்னால் நின்று விளக்கடித்தால் மழைத்துளி கேமராவில் விழாது, ஒளி ஊடுருவிப் போய்விடும். துளிக்குப் பின்னாலிருந்து ஒளி வர வேண்டும், பின்புலம் கறுப்பாக இருக்க வேண்டும். அப்போதுதான் வெள்ளிக் கம்பியாகத் தெரியும். தெருவிளக்கு, ரயில் எஞ்சின் புகை, ஈரக் கற்தரை என்று ஸ்லோகோமுக்குப் பின்னொளி தர ஏதாவது ஒரு சாக்கு சட்டகத்தில் இருந்துகொண்டே இருக்கும். 1939-இல் போலந்தில் போர் மூளும்போது செய்திப்படம் எடுத்தவர் அவர். பிற்காலத்தில் இந்தியானா ஜோன்ஸ் படங்கள் முதல் மூன்றும் அவர் கேமராதான்.

கூகி விதர்ஸ் இந்தியாவில் பிறந்தவர் என்பது உண்மையா?

1917-இல் கராச்சியில் பிறந்தார், அன்றைய பிரிட்டிஷ் இந்தியா. நிஜப் பெயர் ஜார்ஜெட். படத்தில் கைகூடாத காதலர்களான விதர்ஸும் மெக்காலமும் 1948 ஜனவரியில் கல்யாணம் செய்துகொண்டார்கள். பிறகு மெக்காலமின் சொந்த நாடான ஆஸ்திரேலியாவில் குடியேறினார்கள். மெக்காலம் 2010-இல் இறக்கும் வரை, 62 ஆண்டு இல்லறம்.

ஈலிங் என்றால் நகைச்சுவைப் படம்தானே?

அந்தப் பெயர் பெரிதும் 1949-க்குப் பிறகு ஒட்டிக்கொண்டது. இதன் திரைக்கதையில் கைவைத்த கார்னீலியஸ்தான் அந்த ஆண்டு 'பாஸ்போர்ட் டு பிம்லிகோ' எடுத்தார். ஹேமர் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கரோனெட்ஸ்' எடுத்தார். அதுவும் குற்றக் கதைதான், ஒரு குடும்பத்துக்குள் நடக்கும் கொலைகளைச் சிரித்துக்கொண்டே சொன்னது. ஹேமர் குடியால் நலிந்து 1963-இல் 52 வயதில் இறந்தார்.

ஜாக் வார்னரை ஹாலிவுட் வார்னர் நிறுவனத்து முதலாளியோடு குழப்பிக்கொள்ளாதீர்கள். இவர் இயற்பெயர் ஹொரேஸ் ஜான் வாட்டர்ஸ். 1950-இல் 'தி ப்ளூ லாம்ப்' படத்தில் கான்ஸ்டபிள் டிக்சன் ஆனார். பிறகு அதே டிக்சனாகத் தொலைக்காட்சியில் 1976 வரை வந்தார்.

குழந்தைகளோடு பார்க்கலாமா?

ரத்தம் அதிகம் இல்லை. ஆனால் முதுகில் சவுக்குத் தழும்பு, அடிதடி, கடைசிப் பகுதியில் ஒரு தற்கொலை முயற்சி ஆகியவை உண்டு. சிறு பிள்ளைகளுக்கு வேண்டாம். அந்தக் கடைசி விஷயம் யாருக்காவது பாரமாக இருக்கும் என்றால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

*இதற்குக் கீழே முடிவு வெளிப்படும்.*

டாமியின் முதுகுத் தழும்பு எதனால்?

சிறையில் வாங்கிய சாட்டையடி. ரோஸ் அதைப் பார்க்கும் கணத்தில் வசனம் தேவைப்படவில்லை. நீதிமன்றம் சவுக்கடி தண்டனை விதிக்கும் வழக்கத்தை பிரிட்டன் 1948 குற்றவியல் நீதிச் சட்டத்தில்தான் எடுத்தது. சிறைக்குள் காவலரைத் தாக்கியதற்கு அடி கொடுக்கும் அதிகாரம் 1967 வரை ஏட்டில் இருந்தது. ஆகவே படம் வந்தபோது இது பழங்கதை இல்லை, அன்றைய விவாதம்.

மோதிரக் காட்சியில் என்ன விசேஷம்?

பின்னோக்கில் ரோஸ் பொன்னிற முடியோடு பப்பில் பணிபுரிகிறாள். டாமி மோதிரம் போடுகிறான், உடனே பிடிபட்டுப் போகிறான். அவள் பிறகு தன்னைவிட மிகவும் மூத்த ஜார்ஜுக்கு வாழ்க்கைப்பட்டாள். இத்தனை ஆண்டும் ஒளித்து வைத்திருந்த மோதிரத்தை, தப்பிச்செல்லும் செலவுக்கு வைத்துக்கொள் என்று டாமியிடம் நீட்டுகிறாள். அவன் அதை ஒரு நகை போலத்தான் பார்க்கிறான். தான் போட்ட மோதிரம் என்று அவனுக்கு நினைவே இல்லை. விதர்ஸின் முகத்தைக் கவனியுங்கள். அழுகை கிடையாது, பார்வை லேசாகத் தணிகிறது, அவ்வளவுதான். அதற்குப் பிறகும் அவள் அவனைக் காப்பாற்ற நினைப்பதை நிறுத்துவதில்லை. காதலுக்காகச் செய்கிறாள் என்று கதைச் சுருக்கங்கள் எழுதுகின்றன. மோதிரத்துக்குப் பிறகு அந்தச் சொல் எங்கே பொருந்தும்?

சக்கரக் காலணித் திருடர்கள் எதற்கு? அவர்களை வெட்டிவிட்டால் படம் வேகமாக ஓடாதா?

ஓடும். ஆனால் ரோஸ் தனி ஒரு பெண்ணின் சோகக் கதையாகச் சுருங்கிப்போவாள். அந்தத் தெருவில் எல்லோரும் ஏதோ ஒன்றை மறைக்கிறார்கள். வை மோரியை மறைக்கிறாள். அதைப் பார்த்துவிட்ட ஆல்ஃபி, வாயை மூட மோரியிடம் ஒரு மவுத்தார்கன் கறக்கிறான். பத்து வயதுப் பொடியன் மிரட்டிப் பறிப்பதைப் படம் சிரிப்பாகக் காட்டுகிறது, ஆனால் தொழில் அதேதான். சரக்கை விற்க முடியாத மூன்று திருடர்களும் மறைக்க இடமில்லாத ரோஸும் ஒரே நிலைமைக்கு இரண்டு உருவம். நடிப்பில் அந்த மூவரும் கொஞ்சம் நாடகத்தனம் என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

முடிவில் என்ன ஆகிறது?

செய்தி தேடி மூக்கை நுழைக்கும் ஸ்லோப்பி காலின்ஸ் என்ற நிருபனால் குட்டு உடைகிறது. டாமி ஓடுகிறான். ராத்திரி சரக்கு யார்டில், வண்டிகளுக்கு நடுவே துரத்தி ஃபாதர்கில் பிடிக்கிறார். வீட்டுக்குள் நெருக்கியடித்த கதை இங்கே திறந்த வெளிக்கு வருகிறது. அங்கேயும் இருபுறமும் தண்டவாளம், போக வழியில்லை.

ரோஸ் உயிரை மாய்த்துக்கொள்ள முயல்கிறாள், பிழைத்துக்கொள்கிறாள். அன்றைய சட்டத்தில் தற்கொலை முயற்சியே குற்றம், 1961 வரை. தப்பியவனுக்கு இடம் கொடுத்தது வேறு. ஜார்ஜ் மருத்துவமனையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, கோபம் இல்லாமல், வீட்டுக்கு வரலாம் என்கிற தொனியில் பேசுகிறான்.

ஜார்ஜ் வெறும் அப்பாவியா?

பப்பில் சிற்றம்பு எறியும் 'டார்ட்ஸ்' விளையாடி மகிழும் மனிதன் என்பதால் அப்படித் தோன்றும். முதல் தடவை பார்க்கும்போது எல்லோரும் டாமியைத்தான் பார்ப்பார்கள். இரண்டாம் தடவை ஜார்ஜை மட்டும் பின்தொடர்ந்து பாருங்கள். மருத்துவமனையிலிருந்து அவன் தனியாகத் தெருவுக்குத் திரும்பும்போது மழை விட்டிருக்கும், வானம் தெளிந்திருக்கும். மறுநாள் திங்கட்கிழமை, அவனுக்கு வேலைக்குப் போக வேண்டும்.